மாக்டா ரீச்சர் எடுத்த ஒரே கலியாண வீடியோ

ஆசிரியர் ஐயாவிடமும் வாசிக்கிறவர்களிடமும் முதலில் மன்னிப்புக் கேட்கிறேன். என் கையெழுத்து கோழி கிண்டினது போல இருக்கும். எந்த இடத்தில் பெரிய ‘ற’, எந்த இடத்தில் சின்ன ‘ர’ என்பதில் எனக்கு இன்னும் சந்தேகம்தான். ஐந்தாம் வகுப்போடு பள்ளிக்கூடம் விட்டவன். என் பிழைகளை அலுவலகத்தில் ஒரு பிள்ளை இருந்து திருத்துவதாகக் கேள்விப்பட்டேன். இந்தக் கிழமை அந்தப் பிள்ளைக்கு வேலை கொஞ்சம் கூட. ஹங்கேரி நாட்டுக் கதையும் இதில் வருகிறது.

போன கிழமை பிறம்ரன் கிடங்கில் பெட்டி ஏற்றி இறக்கிய கதையை எழுதினேன். அது கிழமை நாட்களில் செய்த வேலை. சனி ஞாயிறுகளில் எனக்கு இன்னொரு வேலை இருந்தது. கலியாண வீடியோக்காரருக்கு லைற் பிடிப்பது. கூச்சம் உள்ளவனுக்கு அதைவிட நல்ல வேலை கிடையாது. லைற்றுக்குப் பின்னால் நிற்பவனை ஒருவரும் பார்ப்பதில்லை.

கெட்டிமேளம்

ஸ்காபரோவில் ஒரு கலியாண ஹோல். ஆவணி மாதத்து முற்பகல். மல்லிகைப்பூவும் சாம்பிராணியும், குசினிப் பக்கமிருந்து பருப்பு தாளிக்கும் வாசமும் கலந்து வருகின்றன.

மணவறையில் என் அக்காவின் மகள் சுதா கூறைச் சேலையோடு தலையைக் குனிந்தபடி இருக்கிறாள். மாப்பிள்ளை தர்ஷன் தாலிக்கொடியை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு எழும்புகிறான். ஐயர் மேளகாரரைப் பார்த்துக் கையை உயர்த்துகிறார். கெட்டிமேளம் முழங்குகிறது. ஹோலில் இருந்த அத்தனை பேரும் கையில் அரிசியோடு எழும்பி நிற்கிறார்கள்.

நான் மணவறைக்கு முன்னால், இடது பக்கத்தில், லைற்றைத் தலைக்கு மேலே தூக்கிப் பிடித்தபடி நிற்கிறேன். வெளிச்சம் அச்சொட்டாகத் தாலியில் விழுகிறது. எத்தனையோ கலியாணங்களில் பிடித்துப் பழகிய கை.

எனக்குப் பக்கத்தில் கமராவோடு நின்றவர் மாக்டா ரீச்சர். எழுபது வயது தாண்டிய ஹங்கேரிக்காரி. மேளம் உச்சத்துக்குப் போன அந்த நேரம் பார்த்து, அவர் கமராவை மணவறையிலிருந்து எடுத்து, மெல்ல மெல்ல மறுபக்கம் திருப்பினார்.

சனத்தின் பக்கம்.

தாலிக்கு முதுகைக் காட்டிக்கொண்டு ஆடாமல் அசையாமல் நின்றார். தாலிக்கொடி சுதாவின் கழுத்தில் ஏறியது. தர்ஷன் பூட்டைப் பூட்டினான். அரிசி மழையாகக் கொட்டியது. எல்லாவற்றுக்கும் நான் வெளிச்சம் கொடுத்தேன். ஒன்றும் கமராவில் விழவில்லை.

அந்த வீடியோவைப் பார்ப்பதற்காக ஒரு மனிதர் காத்திருந்தார். சுதாவின் அப்பா, என் அத்தான். அவர் அப்போது வவுனியாவில், முகாமில், முட்கம்பிக்கு உள்ளே இருந்தார்.

இரண்டு பை நிறைய வீடியோ ரேப்

இது எப்படி வந்தது என்று சொல்ல, அந்த வருடத்துப் பனி கரையும் காலத்துக்குப் போகவேண்டும்.

வன்னியில் சண்டை முடிவுக்கு வந்துகொண்டிருந்த நேரம். நாங்கள் டவுன்ரவுன் வீதிகளில் பதாகை பிடித்துக்கொண்டு குளிரில் நின்றோம். வீட்டில் தொலைபேசி அடித்தால் எடுக்கவும் பயம், எடுக்காமல் விடவும் பயம். கலியாணம் பேசி வைத்தவர்கள் எல்லோரும் நாளைப் பின்போட்டார்கள். மில்லிக்கனில் ஜெயம் அண்ணையின் வீடியோக் கடை காற்று வாங்கியது. ஒரு பக்கம் மரக்கறிக் கடை, மறுபக்கம் பல் வைத்தியர், நடுவில் நாங்கள்.

ஜெயம் அண்ணைதான் என் சனி ஞாயிறு முதலாளி. கடை வாடகைக்காக, பழைய வீடியோ ரேப்புகளை டிவிடியாக மாற்றும் வேலையை எடுக்கத் தொடங்கினார். ஒரு சனிக்கிழமை பின்னேரம், இரண்டு பை நிறைய ரேப்புகளோடு ஒரு வெள்ளைக்காரக் கிழவி உள்ளே வந்தார். கட்டையாக வெட்டிய நரைமயிர். ஆண்கள் போடுகிற மாதிரிப் பெரிய சப்பாத்து.

“உங்கட மெஷின் ஐரோப்பா ரேப் வாசிக்குமோ? டவுன்ரவுனில ஒருத்தனும் ஏலாது எண்டிட்டான்.”

“யாழ்ப்பாணத்து ரேப்பையே வாசிக்குது அம்மா. உங்கட என்ன பெரிய ரேப்?” என்றார் ஜெயம் அண்ணை.

கனடா மெஷினுக்கு வெளிநாட்டு ரேப் ஓடாது. ஊரிலிருந்து வரும் கலியாண ரேப்புகளுக்காக எங்கள் கடைகளில்தான் இரண்டும் ஓடுகிற மெஷின் இருந்தது. அப்படித்தான் ஹங்கேரி மில்லிக்கனுக்கு வந்தது.

அவர் பேசியது ஆங்கிலம். அவருடைய ஆங்கிலமும் நொண்டி, என்னுடையதும் நொண்டி. அதனால் இருவரும் ஒரே வேகத்தில் நடந்தோம். அவர் சொன்னதையெல்லாம் நான் எங்கள் பேச்சிலேயே எழுதுகிறேன். அவர் படமெடுக்கப் படிப்பிக்கிறவர் என்று அறிந்த அன்றிலிருந்து எனக்கு அவர் ரீச்சர்.

மொழி தெரியாமல் பார்த்த படங்கள்

ஒரு மணித்தியால ரேப்பை மாற்ற ஒரு மணித்தியாலம் எடுக்கும். ஓடும்போது ஒருவர் பக்கத்தில் இருக்கவேண்டும். நாடா சிக்கினால் நிறுத்துவதற்கு. அந்த ஒருவர் நான். ரீச்சரும் சனிக்கிழமை வகுப்பு முடிந்து நேரே கடைக்கு வந்து பக்கத்துக் கதிரையில் இருப்பார். ஒரு மனுஷி வாழ்நாள் முழுக்கச் செய்த வேலையை நான் அந்தச் சின்ன அறையில் இருந்து பார்த்து முடித்தேன்.

முதல் படம் செங்கல் சூளையில் வேலை செய்யும் பெண்கள். ரீச்சர் படிக்கிற காலத்தில் எடுத்தது. ஏழு நிமிடம். ஒருவரும் ஒரு வார்த்தை பேசவில்லை. கல்லைத் தூக்கி எறிவதும் பிடிப்பதும்தான். ஆனால் அந்தப் பெண்களில் யார் யாரோடு கோபம் என்று எனக்குத் தெரிந்தது.

பிறகு ஒரு றெயில் ஸ்ரேசன் சாப்பாட்டுக்கடை. விடியற்காலை தொடங்கிப் பின்னேரம் வரைக்கும் ஆட்கள் வந்து சூப் குடித்துவிட்டுப் போகிறார்கள். இந்தப் படத்தை அரசாங்கம் பெட்டியில் வைத்துப் பூட்டிவிட்டதாம்.

“ஏன் ரீச்சர்? சூப் குடிக்கிறதில என்ன இருக்கு?”

“ஒருத்தன் ‘சூப் தண்ணியாக் கிடக்கு’ எண்டு சொல்லுறான் பார். அவன் சூப்பைச் சொல்லேல்ல, எங்களைச் சொல்லுறான் எண்டிட்டாங்கள்.”

“அவன் எதைச் சொன்னவன்?”

“சூப்பைத்தான். நானும் குடிச்சனான். தண்ணிதான்.”

ஒரு கதைப்படமும் இருந்தது. ரீச்சர் எழுதிக் கொடுத்து வேறொருவர் எடுத்தது. புருசனும் பெண்சாதியும் ஒரு பேரிக்காய் மரத்துக்காக இரண்டு மணித்தியாலம் சண்டை பிடிக்கிறார்கள். எனக்கு ஒரு சொல்லும் விளங்கவில்லை. முடிந்ததும் “பிழை புருசனில” என்று சொன்னேன். ரீச்சர் கதிரையைத் திருப்பி என்னை நேராகப் பார்த்தார்.

“பேப்பரில எழுதினவங்களில பாதிப் பேருக்கு அது விளங்கேல்ல.”

அன்றைக்கு வீட்டுக்குப் போகும்வரை எனக்கு ஒரே சந்தோசப் புளுகம்.

கனடாவுக்கு வந்தபோது இங்கே அவரை ஒருவருக்கும் தெரியாது. முதல் வேலை பேக்கரியில். பிறகு ஒரு கல்லூரியில் படமெடுக்கப் படிப்பித்தார். ஓய்வு எடுத்த பிறகும் சும்மா இருக்கவில்லை. சனிக்கிழமைகளில் ஒரு நூலகத்தின் கீழ்த்தளத்தில் வகுப்பு. பிள்ளைகளுக்குக் காட்டத்தான் இந்த டிவிடிகள்.

அன்னங்கள்

ஒரு நாள் ஜெயம் அண்ணை ஒரு பழைய கலியாண வீடியோவைத் திருத்திக்கொண்டிருந்தார். பொம்பிளையும் மாப்பிள்ளையும் சிரிக்க, பின்னால் நீல ஏரி வருகிறது. ஏரியில் இரண்டு அன்னம் நீந்தி வந்து கழுத்தோடு கழுத்து உரசுகின்றன. மேலேயிருந்து ரோசாப்பூ கொட்டுகிறது.

ரீச்சர் கண்ணாடியைக் கழற்றிக் கண்ணைத் துடைத்துத் துடைத்துச் சிரித்தார்.

“உந்த அன்னம் எந்த ஹோலில நிண்டது?”

ஜெயம் அண்ணைக்கு முகம் சுண்டிவிட்டது. என் பக்கம் திரும்பினார். “குணம், உவவிட்டச் சொல்லு. உந்த அன்னம் இல்லாட்டி ஸ்காபரோவில ஒருத்தனும் புக் பண்ணமாட்டான். உவவின்ர சூப்புக் கடைக்கு எத்தினை பேர் புக் பண்ணினவை எண்டும் கேள்.”

நான் அதை மொழிபெயர்க்கவில்லை. ரீச்சருக்கு எப்படியோ விளங்கிவிட்டது. இன்னும் கூடச் சிரித்தார். “உவர் சொல்லுறதும் சரிதான்” என்றார்.

அந்தச் சிரிப்புக்குப் பிறகுதான், இந்தத் தொழிலுக்கு எப்படி வந்தீர்கள் என்று கேட்கும் தைரியம் எனக்கு வந்தது.

அவர் சின்னப் பிள்ளையாக இருந்தபோது அவர்கள் நாட்டிலும் ஒரு பெரிய சண்டை முடிந்தது. தகப்பன் திரும்பி வரவில்லை. பிடிபட்டவர்களை றெயிலில் கொண்டுவருவதைத் தியேட்டரில், படத்துக்கு முன்னால், செய்தியாகக் காட்டுவார்களாம். தாய் கிழமைக்குக் கிழமை மகளையும் கூட்டிக்கொண்டு போவார். செய்தி முடிந்ததும் எழும்பி வந்துவிடுவார். படம் பார்ப்பதில்லை.

“நடுவில நிண்டு பேசுற பெரியாக்களை அம்மா பாக்கமாட்டா. ஓரத்தில போறவையைத்தான் பாப்பா. ‘நீ இடது பக்கம் பார், நான் வலது பக்கம் பாக்கிறன்’ எண்டு சொல்லுவா. நான் படம் பாக்கப் பழகினது அப்பிடித்தான்.”

“பிறகு, அப்பா...?”

“இல்லை” என்றார். தேத்தண்ணிக்கு இன்னும் ஒரு கரண்டி சீனி கேட்டார்.

வவுனியாவிலிருந்து ஒரு குரல்

வைகாசியில் சண்டை முடிந்தது. அத்தானைப் பற்றி ஒரு செய்தியும் இல்லை. அவர் சில வருடங்களுக்கு முன் சுகமில்லாத தாயைப் பார்க்கவென்று இங்கிருந்து வன்னிக்குப் போய், அங்கேயே அகப்பட்டுப்போனவர். சுதாவின் கலியாணத்துக்கு ஆவணியில் நாள் வைத்திருந்தது. அக்கா அந்தப் பேச்சையே எடுக்கவிடவில்லை.

மூன்று கிழமை கழித்து, முகாமில் யாரோ ஒருவருடைய போனில் இரண்டு நிமிடம் பேச அவருக்கு இடம் கிடைத்தது. நான் அப்போது அக்கா வீட்டில்தான் நின்றேன். அக்கா போனைக் காதில் வைத்தபடி அப்படியே தரையில் இருந்துவிட்டார். நான்தான் போனை வாங்கினேன்.

“நான் இருக்கிறன். கலியாணத்தை நிப்பாட்டாதேங்கோ. வீடியோ எடுத்து அனுப்புங்கோ, நான் பாக்கவேணும்” என்றார் அத்தான். போன் நின்றுவிட்டது.

அன்று பின்னேரம் அக்கா மாதக்கணக்குக்குப் பிறகு அடுப்பில் தாச்சியை வைத்து வடை சுட்டார். நான் எத்தனை சாப்பிட்டேன் என்று நினைவில்லை. வாய் வெந்தது நினைவிருக்கிறது.

சாமத்தியவீடு எடுத்தவவோ?

பின்போட்ட கலியாணங்கள் எல்லாம் ஆவணி முகூர்த்தத்தில் வந்து குவிந்தன. சுதாவின் நாளில் ஜெயம் அண்ணை பிறம்ரனில் இன்னொரு கலியாணத்துக்கு ஏற்கெனவே கைநீட்டி முற்பணம் வாங்கிவிட்டார். கேட்ட இடமெல்லாம் இதே பதில். கமரா ஒன்று மிச்சம் இருந்தது. பிடிக்க ஆள் இல்லை.

நான் மூன்று நாள் யோசித்து, நாலாம் நாள் ரீச்சரிடம் கேட்டேன். வாழ்நாளில் ஒரு கலியாணம்கூட எடுத்ததில்லை என்றார். பிறகு, “ஆருக்குக் காட்ட?” என்று கேட்டார். முகாமில் இருக்கும் தகப்பனுக்கு என்றேன்.

“வாறன். ஆனா அன்னம் விடமாட்டன்.”

அக்காவை வழிக்குக் கொண்டுவருவதுதான் பெரும்பாடு.

“வெள்ளைக்காரியோ? சாமத்தியவீடு, கலியாணவீடு ஏதும் எடுத்தவவோ?”

“இல்லை அக்கா. செங்கல் சூளை எடுத்தவ.”

“என்ன?”

“பெரிய படமெல்லாம் எடுத்தவ அக்கா. அவவின்ர ஒரு படத்தை அரசாங்கமே பூட்டி வைச்சது.”

“வடிவா இருந்தா ஏன்ரா பூட்டுறாங்கள்?”

கடைசியில் வேறு வழியில்லாமல் ஓம் என்றார். “நீ பக்கத்தில நிண்டு எல்லாம் சொல்லிக் குடு. என்ன நடந்தாலும் உன்ர பொறுப்பு.”

நானும் சொல்லித்தான் கொடுத்தேன். மாப்பிள்ளை எந்த வாசலால் வருவார், தோழன் எங்கே இருப்பான், மணவறைக்குக் கிட்டப் போனால் சப்பாத்தைக் கழற்றவேண்டும், ஐயர் புகை போட்டால் கமராவை எப்படி மறைக்கவேண்டும். ஒரு தாள் நிறையப் படம் கீறிக் கொடுத்தேன். தாலி கட்டும்போது தாலியைப் பார்த்து எடுக்கவேண்டும் என்பதை மட்டும் சொல்லவில்லை. அதை யார் யாருக்குச் சொல்வார்கள்? கலியாண வீட்டில் அதைச் சொல்லித்தான் தெரியவேண்டும் என்று எங்கள் ஆட்களில் ஒருவருக்குமே தோன்றாது.

அன்றைக்குக் காலையிலிருந்து ரீச்சர் பம்பரமாகச் சுழன்றார். வாழைமரம் கட்டும் கை, தோழிப்பிள்ளைகள் கண்ணாடிக்கு அடிபடுவது, செருப்புக் குவியல் எல்லாம் எடுத்தார். இடையிடையே என்னைப் பார்த்து லைற்றை அணைக்கச் சொல்லுவார். நான் அணைப்பேன். ரெண்டு நிமிடத்தில் கை தானாகப் போட்டுவிடும்.

பிறகு கெட்டிமேளம். முதலில் எழுதினேனே, அது நடந்தது.

ஏன் கத்தவில்லை என்று கேட்பீர்கள். அந்த நேரத்தில் அபசகுனமாக ஒரு சத்தமும் காதில் விழக்கூடாது என்றுதானே மேளத்தையே அப்படி அடிக்கிறார்கள். அதற்குள் நான் “ரீச்சர், திரும்புங்கோ” என்று கத்துவதா? நினைத்து முடிக்கமுன் எல்லாம் முடிந்துவிட்டது.

சாப்பிடும்போது கேட்டேன். “ரீச்சர், தாலியை ஏன் எடுக்கேல்ல?”

அவர் அப்பளத்தை நொறுக்கியபடி, “சங்கிலி போட்டதோ? உன்ர லைற் அதைத்தானே பாத்தது. நான் உங்கட சனத்தைப் பாத்தன்” என்றார்.

பிறகு என் முகத்தைப் பார்த்தார். அப்பளத்தைக் கீழே வைத்தார்.

பிறம்ரன் கைகள்

அக்கா தினமும் போன் எடுத்தார். “தாலி கட்டினது வடிவா விழுந்திருக்கோ?” நான், “ஓம், வேலை நடக்குது” என்றேன். பொய்யென்றும் சொல்லமுடியாது, உண்மையென்றும் சொல்லமுடியாது.

ஜெயம் அண்ணைக்கு இது ஒரு பிரச்சினையே இல்லை.

“அதே நாள், அதே முகூர்த்தம், பிறம்ரனில நான் எடுத்தனான். கையும் தாலிக்கொடியும் கிட்டவா இருக்கு. அதில ஒரு அஞ்சு செக்கன் வெட்டி இதுக்குள்ள ஒட்டுவம். ஆருக்கடா தெரியப்போகுது? எல்லாக் கையும் கைதான்.”

ஒட்டிக் காட்டினார். சத்தியமாகத் தெரியவில்லை. நான் பெருமூச்சு விட்டேன்.

அந்த நேரம் பார்த்து ரீச்சர் கடைக்கு வந்தார். பார்த்தார். கோபிக்கவில்லை. கதிரையை இழுத்துப்போட்டுக்கொண்டு ஒரு கதை சொன்னார்.

ஒரு கிராமத்தில் மா குழைத்து, உருட்டி, நூல் நூலாக வெட்டுகிற ஒரு கிழவியைப் படம் எடுத்தாராம். வெட்டுவதைக் கிட்டவாக எடுத்த சுருள் பழுதாகிவிட்டது. பக்கத்து ஊரில் இன்னொரு கிழவியின் கையை எடுத்து ஒட்டினார். அடுத்த வருடம் அந்தக் கிராமத்துப் பள்ளிக்கூடத்தில் படத்தைக் காட்டியபோது கிழவி உயிரோடு இல்லை. மகன் எழும்பி நின்று, “உது என்ர அம்மாவின்ர கை இல்லை” என்றானாம். அவ்வளவுதான். திட்டவில்லை. இருந்துவிட்டான்.

“அவன் அம்மாவைப் பாக்க வந்தவன்” என்றார் ரீச்சர். “நான் ஆரோ ஒருத்தியின்ர கையைக் காட்டினன்.”

ஜெயம் அண்ணை தொண்டையைச் செருமினார். ரீச்சர் என் பக்கம் திரும்பினார்.

“உங்கட வீட்டுப் படம். நீ சொல்லுறபடி.”

எனக்கு அத்தானின் கண் தெரியும். ஆடு வளர்த்தவர். நூறு ஆட்டுக்குள் தன் ஆட்டைப் பிடிக்கிறவர். மகளின் கழுத்தையும் மருமகன் கையையும் அவர் எத்தனை தரம் திருப்பித் திருப்பிப் பார்ப்பார் என்று நினைத்துப் பார்த்தேன்.

“எடுத்துவிடுங்கோ அண்ணை.”

“டேய், அக்கா உன்னைக் கொல்லுவா.”

“ஓம்.”

அக்கா வீட்டுச் சோபா

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் அக்கா வீட்டுக்கு டிவிடியோடு போனேன். சுதாவும் தர்ஷனும் வந்திருந்தார்கள். ஓடவிட முன்னமே எழும்பி நின்று சொல்லிவிட்டேன். “அக்கா, தாலி கட்டினது இதில இல்லை. பிழை என்னில.”

நான் இவ்வளவு நேராக ஒரு வார்த்தை பேசி அக்கா கேட்டதில்லை. முதலில் அவருக்கு விளங்கவில்லை. விளங்கினதும் தொடங்கினார்.

“ஒரு கலியாணத்தில எடுக்கவேண்டியது அந்த ஒண்டுதானேடா! அந்த மனுசனுக்கு நான் என்னத்தைக் காட்டுறது? செருப்பையோ? செங்கல் சூளைக்காரியைக் கொண்டு வந்து...”

தர்ஷன் இங்கேயே வளர்ந்த பிள்ளை. “மாமி, இட்ஸ் ஓகே. கட்டினது நான்தான், எனக்குத் தெரியும்” என்றான்.

“நீர் சும்மா இரும்!”

சுதா படத்தை ஓடவிட்டாள். கெட்டிமேளம் வந்தது. கமரா திரும்பத் தொடங்கியது. திரும்புகிற வழியில் என்னைக் கடந்தது. லைற்றைத் தூக்கிப் பிடித்தபடி, வாயை ஆவென்று பிளந்துகொண்டு நின்றேன். சுதாவும் தர்ஷனும் சோபாவில் சரிந்து விழுந்து சிரித்தார்கள்.

பிறகு சனம்.

பிக்கரிங் பெரியம்மா தோடு கழன்று விழுந்தது தெரியாமல் அரிசி எறிகிறார். சமையற்காரர் அகப்பையோடு குசினி வாசலில் வந்து நிற்கிறார். ஒரு குழந்தை இரண்டு காதையும் பொத்திக்கொண்டு, தான் அழுவதா வேண்டாமா என்று தாயைப் பார்க்கிறது. வன்னியில் தம்பியை இழந்து மூன்று மாதம்தான் ஆன ஒருவர், பின் வரிசையில், எட்டி எட்டிப் பார்த்துச் சிரிக்கிறார். ஓடி ஓடித் தேடினாலும் ஒரு வீடியோக்காரர் எடுக்காத முகங்கள்.

முன் வரிசையில் அக்கா. எல்லோரும் மணவறையைப் பார்க்க, அவர் மட்டும் கழுத்தைத் திருப்பி ஹோல் வாசலைப் பார்த்துக்கொண்டு நிற்கிறார். கை நிறைய அரிசி. எறியவில்லை.

ஏச்சு நின்றுவிட்டது. திரையில் மேளம் ஓய்ந்தது.

“அம்மா, இதையே அனுப்புவம்” என்றாள் சுதா.

அக்கா குசினிக்குப் போய், “எல்லாருக்கும் சோறு போடட்டோ?” என்று கேட்டார்.

மூன்றாம் வரிசை

கொழும்புக்குப் போன ஒருவரிடம் டிவிடியைக் கொடுத்துவிட்டோம். ரீச்சர் எங்களிடம் அனுமதி கேட்டு அந்தப் பகுதியைத் தன் வகுப்பில் காட்டினார். தான் செய்த படங்களின் பட்டியலில், சூளைக்கும் சூப்புக் கடைக்கும் கீழே, சுதாவின் கலியாணத்தையும் எழுதிக்கொண்டார். ஜெயம் அண்ணை அதைக் கேட்டு, “அப்ப கமரா தந்தது ஆரெண்டும் எழுதச் சொல்லு” என்றார்.

முதற்பனி கொட்டின காலத்தில் அத்தான் முகாமால் வெளியே வந்து, வவுனியாவில் ஒரு சொந்தக்காரர் வீட்டில் தங்கினார். அங்கே டிவிடி பார்க்க வசதி இருந்தது. ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை அக்கா வீட்டுப் போன் அடித்தது. அக்கா குசினியில் நின்றதால் நான் எடுத்தேன்.

“மச்சான், தாலி எங்கையடா?”

“அத்தான், அது...”

“அதை விடு. சுதா போட்டிருக்கிறாள்தானே. மூண்டாம் வரிசையில மஞ்சள் சீலை ஆர்?”

சொன்னேன். “அவளோ! உப்பிடிக் கொழுத்திட்டாள். பக்கத்தில மொட்டை?” சொன்னேன். “கடவுளே, அவன்ர மயிரெல்லாம் எங்கை போனது?” அங்கே ரீவியை நிறுத்தி நிறுத்தி, வரிசை வரிசையாக, ஓரத்தில் பாதி முகம் தெரிந்தவர்கள் வரைக்கும் கேட்டார். ஒரு மணித்தியாலத்துக்கு மேல் நான் பெயர் சொல்லிக்கொண்டு இருந்தேன். என் வாழ்நாளில் போனில் அவ்வளவு நேரம் பேசியதில்லை. எத்தனை பேர் மிஞ்சினார்கள் என்று எண்ணுகிற இடத்திலிருந்து வந்த மனிதருக்கு, இங்கே அத்தனை பேர் இருப்பதைக் கண்டு அலுக்கவேயில்லை.

கடைசியில் முன் வரிசைக்கு வந்தார். பின்னால் ஒரு நாய் குரைப்பது கேட்டது.

“உன்ர அக்கா வாசலைப் பாத்துக்கொண்டு நிக்கிறா.”

“ஓம் அத்தான்.”

“ஆரைப் பாக்கிறா?”

போனைக் கொண்டுபோய் அக்காவின் கையில் கொடுத்தேன். கேள்வியையும் சொன்னேன்.

அக்கா போனைக் காதில் வைத்தார். சேலைத் தலைப்பால் முகத்தை ஒருதரம் துடைத்தார். பிறகு சொன்னார்:

“ஓ... உங்களைத்தான் பாத்தனான் எண்டு நினைப்போ? பாயாச வாளி ஏத்திவரப் போன வான் வரேல்ல. அதைப் பாத்தனான்.”

அத்தான் சிரித்த சிரிப்பு போனுக்கு வெளியே வந்து, நான் நின்ற இடம் வரைக்கும் கேட்டது.

எழுதி முடித்தது: பங்குனி மாதம் பதினான்காம் திகதி, ஞாயிறு பிற்பகல்.